வீட்டிலிருந்தே புறக்கோள் தேடுவது எப்படி?

1855-ஆம் ஆண்டு, சென்னை வானாய்வகத்தின் இயக்குநராக இருந்த கேப்டன் வில்லியம் ஸ்டீபன் ஜேக்கப், ‘70 ஓபியூக்கி’ என்ற இரட்டை விண்மீனின் சுற்றுப்பாதையில் ஒரு பிசகைக் கண்டார். ஒன்றையொன்று சுற்றும் அந்த இரண்டு விண்மீன்களும் கணக்குப்படி நகரவில்லை. கண்ணுக்குப் புலப்படாத ஒரு கோள் இழுப்பதால் இப்படி நடக்கக்கூடும் என்று எழுதினார். வேறொரு விண்மீனுக்குக் கோள் உண்டு என்று அளவீடுகளை வைத்துச் சொன்ன மிகப் பழைய முயற்சிகளுள் இதுவும் ஒன்று. நடந்த இடம் நம் நுங்கம்பாக்கம்.

அவர் சொன்ன கோள் அங்கே இல்லை. பின்னால் வந்தவர்கள் கணக்குப் போட்டுப் பார்த்து அதைத் தள்ளிவிட்டார்கள். ஜேக்கப்பைக் குறை சொல்ல இதைக் கொண்டுவரவில்லை. புறக்கோள், அதாவது சூரியனை அல்லாமல் வேறொரு விண்மீனைச் சுற்றும் கோள், தேட விரும்பிக் கேட்பவர்களிடம் நான் முதலில் சொல்வது இந்தக் கதையைத்தான். கோள் போலத் தெரியும் ஒன்றைக் காண்பது எளிது. அது கோள் அல்ல என்று காட்ட நம்மால் முடிந்ததையெல்லாம் செய்து, அதன் பிறகும் அது நிற்கிறதா என்று பார்ப்பதுதான் வேலை. இந்தத் துறையின் விஞ்ஞானிகள் தங்கள் நாளின் பெரும்பகுதியை அதில்தான் செலவிடுகிறார்கள்.

இதற்குப் பட்டம் தேவையில்லை, கட்டணமும் இல்லை. ஒரு கணினி, இணைய இணைப்பு, மாலையில் அரைமணி நேரம் இருந்தால் போதும். தொலைநோக்கி கடைசியில் வருகிறது. அது இல்லாமலேயே பெரும்பாலான வேலையைச் செய்யலாம்.

முதலில், எதைத் தேடுகிறோம்?

1874 டிசம்பர் 9 அன்று வெள்ளிக் கோள் சூரிய வட்டத்தின் குறுக்கே ஒரு கரும்புள்ளியாக ஊர்ந்து போனது. அப்போது சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி, பொதுமக்களுக்கு அதை விளக்க இந்திய மொழிகளில் சிறு நூல்கள் வெளியிட்டார். இப்படிக் குறுக்கே போவதைக் கடப்பு என்பார்கள். அத்தகைய கடப்பைத்தான் நாமும் தேடுகிறோம். ஒரே வேறுபாடு, நம் சூரியன் வட்டமாகத் தெரிகிறது. தொலைவில் உள்ள விண்மீன் வெறும் ஒளிப்புள்ளி. அதன் முன்னால் கோள் போவதைப் பார்க்க முடியாது. விண்மீனின் ஒளி சில மணி நேரம் சற்றே குறைந்து மறுபடி ஏறுவதை அளக்க மட்டும் முடியும்.

எவ்வளவு குறையும்? கோளின் ஆரத்தை விண்மீனின் ஆரத்தால் வகுத்து, வந்த விடையை வர்க்கப்படுத்துங்கள். வியாழன் சூரியனைக் கடந்தால் ஒளியில் சுமார் 1 விழுக்காடு மறையும். பூமி கடந்தால் ஏறத்தாழ 12,000-இல் ஒரு பங்கு மட்டுமே. அதுவும் சுற்றுப்பாதை நம் பார்வைக் கோட்டில் அமைந்தால்தான் கடப்பே நிகழும். விண்மீனை ஒட்டிச் சுற்றும் பெருங்கோள்களுக்கு அந்த வாய்ப்பு பத்தில் ஒன்று. பூமியைப் போன்ற சுற்றுப்பாதை என்றால் இருநூறில் ஒன்றுகூட இல்லை.

1952-இலேயே ஓட்டோ ஸ்ட்ரூவ என்ற வானியலாளர், வியாழன் அளவுள்ள கோள்கள் விண்மீனுக்கு மிக அருகில் இருக்கலாம், அவற்றை ஒளிக்குறைவு வழியாகவோ கோள் இழுப்பதால் விண்மீன் ஆடும் ஆட்டம் வழியாகவோ பிடிக்கலாம் என்று எழுதிவைத்தார். நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அது கவனிப்பாரற்றுக் கிடந்தது. 1995-இல் மிஷேல் மயோரும் டிடியே கெலோவும் பிரான்சின் ஓட் ப்ரோவான்ஸ் ஆய்வகத்திலிருந்து, 51 பெகாசி விண்மீனை 4.2 நாளில் சுற்றிவரும் கோளை ஆட்டத்தின் வழியாகக் கண்டார்கள். 2019-இல் நோபல் பரிசு பெற்றார்கள். 1999-இல் எச்டி 209458 என்ற விண்மீனின் முன் ஒரு கோள் கடப்பதை முதன்முதலாக அளந்த இரு குழுக்களில் ஒன்று, மாணவராக இருந்த டேவிட் ஷார்பனோவும் கூட்டாளிகளும். அவர்கள் பயன்படுத்திய தொலைநோக்கியின் விட்டம் 10 சென்டிமீட்டர்தான். உங்கள் உள்ளங்கை அளவு.

படி 1: வளைகோட்டைப் படிக்கப் பழகுங்கள்

தன்னார்வலர்கள் அறிவியல் ஆய்வில் பங்கெடுக்கும் ஜூனிவர்ஸ் என்ற தளத்தில் ‘பிளானட் ஹன்டர்ஸ் டெஸ்’ திட்டம் இருக்கிறது. ஆக்ஸ்போர்டில் ஆய்வு செய்துகொண்டிருந்த நோரா ஐஸ்னர் தலைமையில் 2018 டிசம்பரில் தொடங்கியது. கணக்குத் தொடங்குங்கள், பயிற்சிப் பக்கத்தை அவசரப்படாமல் படியுங்கள்.

திரையில் புள்ளிகளாலான ஒரு படம் வரும். கிடைமட்டத்தில் நாட்கள், செங்குத்தில் விண்மீனின் ஒளி. இதற்கு ஒளி வளைகோடு என்று பெயர். புறக்கோள் தேட நாசா 2018 ஏப்ரல் 18 அன்று ஏவிய டெஸ் விண்கலம் நான்கு கேமராக்களால் வானத்தின் ஒரு பட்டையைச் சுமார் 27 நாட்கள் விடாமல் பார்த்துவிட்டு அடுத்த பட்டைக்கு நகர்கிறது. ஆகவே பெரும்பாலான படங்கள் 27 நாள் நீளம். நடுவில் ஓர் இடைவெளி தெரியும். விண்கலம் பூமியை நெருங்கி வந்து தரவை அனுப்பும் நேரம் அது. அந்த இடைவெளியின் ஓரங்களில் புள்ளிகள் சரிந்தோ எழும்பியோ இருந்தால் பெரும்பாலும் பூமி, நிலவு ஆகியவற்றின் சிதறல் ஒளிதான் காரணம். புதிதாக வருபவர்கள் அதிகம் ஏமாறும் இடம் இதுவே.

ஒளி அலையலையாக ஏறி இறங்கினால் அது விண்மீனின் துடிப்பாகவோ, புள்ளிகள் கொண்ட விண்மீன் சுழல்வதாகவோ இருக்கலாம். சட்டென்று உயர்ந்து மெல்ல வடிந்தால் சுடர்வெடிப்பு. சமதரையில் வெட்டிய வாய்க்கால் போலப் புள்ளிகள் கூட்டமாக இறங்கி, சில மணி நேரம் கீழேயே ஓடி, அதே வேகத்தில் ஏறினால் அதன்மேல் பெட்டி வரைந்து குறியுங்கள்.

என் அறிவுரை: முதல் நூறு படங்களில் எண்ணிக்கையைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். ஒன்றுமில்லாத படம் எப்படி இருக்கும் என்பது கண்ணுக்குப் பழக வேண்டும். திட்டத்தார் இடையிடையே செயற்கையாக உருவாக்கிய கடப்புகளையும் கலந்து வைக்கிறார்கள். அதை நீங்கள் தவறவிட்டால் திரை சொல்லிவிடும். அந்தத் தவறுகளிலிருந்துதான் நான் அதிகம் கற்றேன்.

கணினி நிரல்கள் இருக்கும்போது மனிதக் கண் எதற்கு? நிரல்கள் திரும்பத் திரும்ப வரும் ஒளிக்குறைவைத் தேடுவதில் கெட்டிக்காரர்கள். நீண்ட காலம் எடுத்துச் சுற்றும் கோள் 27 நாளில் ஒரே ஒரு முறைதான் கடக்கும். அதை நிரல் எளிதில் விட்டுவிடும், கண் பிடித்துவிடும். டிஓஐ-813 பி என்ற கோள் இப்படித்தான் தன்னார்வலர்களிடம் சிக்கியது. அது விண்மீனைச் சுற்ற ஏறத்தாழ 84 நாள் ஆகிறது. 2024-இல் வெளியான டிஓஐ-4633 சி என்ற கோளுக்கு 272 நாள். சூரியனைப் போன்ற விண்மீனின் வாழத்தகு மண்டலத்தில், அதாவது நீர் திரவமாக இருக்கக்கூடிய தொலைவில், சுற்றுகிறது. பெரும் பொருட்செலவில் பறக்கும் விண்கலத்தின் தரவில் இருந்ததை, மாலை நேரத்தில் படம் பார்த்தவர்கள் எடுத்துக் கொடுத்தார்கள். இதை எத்தனை முறை நினைத்தாலும் எனக்கு மனம் நிறைகிறது.

படி 2: கண்டதைச் சந்தேகியுங்கள்

இங்கேதான் நிதானம் வேண்டும். நான் முதன்முதலில் ‘கோள்’ என்று துள்ளிய வளைகோட்டில் ஒளிக்குறைவு அழகாக, ஆழமாக, சீரான இடைவெளியில் வந்தது. ஒரு வாரம் அதே நினைவு. கடைசியில் அது ஒன்றையொன்று மறைக்கும் இரண்டு விண்மீன்கள். கீழே உள்ள கேள்விகளில் இரண்டாவதை மட்டும் கேட்டிருந்தாலே அன்றைக்கே தெரிந்திருக்கும்.

ஆழம் எவ்வளவு? சூரியனைப் போன்ற விண்மீனில் 1 விழுக்காடு குறைந்தால் அந்தப் பொருள் பூமியைப் போல் 11 மடங்கு ஆரம் உள்ளது. வியாழன் அளவு, சரி. 10 விழுக்காடு குறைந்தால் 34 மடங்கு. அந்த அளவில் கோள் கிடையாது, அது விண்மீன். ஆனால் விண்மீனின் அளவைப் பார்க்காமல் தீர்ப்பு எழுதாதீர்கள். மிஷேல் கியோன் குழு கண்டறிந்த டிராப்பிஸ்ட்-1 விண்மீன் வியாழனைவிடச் சற்றே பெரியது. அதனால்தான் பூமி அளவுள்ள கோள்கள்கூட அதன் ஒளியை ஒரு விழுக்காட்டை நெருங்கும் அளவுக்குக் குறைக்கின்றன. அதன் ஏழு கோள்களும் 2017-க்குள் வெளிப்பட்டதற்கு அந்தச் சிறிய விண்மீனே காரணம்.

ஒன்றுவிட்டு ஒன்று ஆழம் மாறுகிறதா? ஒற்றைப்படைக் கடப்புகள் ஆழமாகவும் இரட்டைப்படைக் கடப்புகள் ஆழம் குறைந்தும் இருந்தால், அவை இரண்டு வெவ்வேறு விண்மீன்கள் மாறி மாறி மறைத்துக்கொள்வது. நான் சறுக்கியது இங்கேதான். இரண்டு கடப்புகளுக்கு நடுவே சிறிய பள்ளம் ஒன்று தெரிந்தாலும் அதே ஐயம்தான்; பின்னால் போகும் துணைப்பொருளுக்கும் சொந்த ஒளி உண்டு என்று அது சொல்கிறது.

வடிவம் எப்படி? அடி தட்டையாக இருப்பது கோளுக்கு ஆதரவான சாட்சி. கூர்மையாக இறங்கிக் கூர்மையாக ஏறினால் இரண்டு விண்மீன்கள் ஓரம் உரசிப் போவதாக இருக்கலாம். ஆனால் கோளும் விண்மீனின் ஓரத்தைத் தொட்டுக் கடந்தால் இதே வடிவம் வரும் என்பதால், இதை மட்டும் வைத்து எதையும் தள்ளாதீர்கள்.

ஒளி உண்மையில் அந்த விண்மீனுடையதா? டெஸ் கேமராவின் ஒரு பிக்சல் வானத்தில் 21 விகலை அகலம் (ஒரு பாகையில் 3,600 விகலை). முழுநிலவின் விட்டத்தைக் கடக்க ஏறத்தாழ 90 பிக்சல்கள் போதும் என்றால், அந்தப் படம் எவ்வளவு கரடுமுரடானது என்று புரியும். ஒரே பிக்சலுக்குள் நாலைந்து விண்மீன்கள் ஒண்டியிருக்கும். பின்னால் மங்கலாகக் கிடக்கும் ஓர் இரட்டை விண்மீன் தன் ஒளியில் பாதியை இழந்தால், முன்னால் இருக்கும் பிரகாசமான விண்மீனின் வளைகோட்டில் அது கோள் போன்ற சிறு பள்ளமாகப் பதியும். பொய்க் கோள்களில் என்னை மிகவும் வருத்துவது இந்த வகைதான். வளைகோட்டை மட்டும் பார்த்து இதைக் கண்டுகொள்ள முடியாது. பிக்சல் பிக்சலாகப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

எல்லாக் கேள்விகளுக்கும் விடை கிடைக்காத பொருளும் உண்டு. டெஸ்ஸுக்கு முன் கோள் தேடிய கெப்ளர் விண்வெளித் தொலைநோக்கியின் தரவில் தன்னார்வலர்கள் எடுத்துக்காட்டிய கேஐசி 8462852 விண்மீனின் ஒளி ஒழுங்கே இல்லாமல் 22 விழுக்காடு வரை குறைந்தது. டபேதா போயாஜியன் தலைமையில் 2015-இல் கட்டுரை வந்தது. அது கோளின் வேலையாக இருக்க முடியாது. ‘இது விசித்திரம்’ என்று குறித்துவைத்ததே அங்கே பெரிய பங்களிப்பு.

படி 3: தரவை நீங்களே இறக்குங்கள்

ஒவ்வொரு படத்துக்கும் ‘டிஐசி’ என்று தொடங்கும் எண் உண்டு; டெஸ் பட்டியலில் அந்த விண்மீனின் எண் அது. அதைக் குறிப்பேட்டில் எழுதுங்கள். எக்ஸோஃபாப் தளத்தில் அந்த எண்ணைத் தேடினால், ஏற்கெனவே கோள் வேட்பாளர் பட்டியலில் இருக்கிறதா, யார் எந்தத் தொலைநோக்கியில் பார்த்து என்ன எழுதினார்கள் என்பதெல்லாம் தெரியும். பட்டியலில் இருப்பவற்றுக்கு ‘டிஓஐ’ எண் இருக்கும். உறுதியான கோள்களின் பட்டியலை நாசா புறக்கோள் ஆவணகத்தில் பார்க்கலாம். 2025 செப்டம்பரில் அது 6,000-ஐத் தாண்டியது.

அடுத்து, பைதான் மொழி கொஞ்சம் தெரிந்தால் ‘லைட்கர்வ்’ என்ற இலவச நிரல்தொகுப்பு உங்கள் கையில் உண்மையான ஆய்வுக்கருவி. உலாவியிலேயே கூகுள் கொலாப் திறந்து நிறுவலாம். டிஐசி எண்ணைக் கொடுத்தால், விண்வெளித் தொலைநோக்கித் தரவுகளைச் சேமிக்கும் மாஸ்ட் ஆவணகத்திலிருந்து அந்த விண்மீனின் எல்லாத் தரவையும் இறக்கித் தரும். முதலில் விண்மீனின் மெதுவான ஏற்ற இறக்கத்தைச் சமன்செய்யுங்கள். சமன்செய்யும் சாளரத்தை, அதாவது ஒரே நேரத்தில் சேர்த்துப் பார்க்கும் தரவின் நீளத்தை, மிகக் குறுகலாக வைத்தால் அது கடப்பையும் சேர்த்துத் தேய்த்துவிடும். கடப்பின் நீளத்தைப்போல் பல மடங்கு அகலம் வையுங்கள். பிறகு சுற்றுக்காலத்தை ஊகித்து, அந்தக் கால நீளமுள்ள துண்டுகளாக வளைகோட்டை வெட்டி ஒன்றன்மேல் ஒன்றாக மடித்து வையுங்கள். ஊகம் சரியென்றால் எல்லாக் கடப்புகளும் ஒன்றன்மேல் ஒன்று படிந்து ஒரே பள்ளமாகும். ஊகித்த காலத்தை இரட்டிப்பாக்கி மறுபடி மடித்துப் பாருங்கள். ஒற்றைப்படை, இரட்டைப்படைக் கேள்விக்கு அது விடை சொல்லும்.

அதற்குப் பிறகும் உங்கள் பள்ளம் தப்பியிருந்தால், பிளானட் ஹன்டர்ஸ் உரையாடல் பகுதியில் படங்களோடு வையுங்கள். செய்த சோதனைகளை எல்லாம் எழுதுங்கள், தோற்றவற்றையும் சேர்த்து. ஆய்வுக்குழு அதை எடுத்துக்கொண்டு கோளாக வெளியிட்டால், முதலில் குறித்தவர்களைக் கட்டுரையில் இணை ஆசிரியர்களாகச் சேர்ப்பதும் உண்டு. கோளுக்கு உங்கள் பெயர் வைக்க மாட்டார்கள்.

நீங்கள் மாணவர் என்றால் ஒரு செய்தி. கடப்பு கோளின் அளவைத்தான் சொல்லும். நிறையை அறிய விண்மீன் எவ்வளவு ஆடுகிறது என்று, ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் நிறமாலைமானியால் அளக்க வேண்டும். வியாழன் சூரியனை நொடிக்கு 12.5 மீட்டர் வேகத்தில் அசைக்கிறது, பூமியோ வெறும் 9 சென்டிமீட்டர். அகமதாபாத் இயற்பியல் ஆய்வகத்தின் அபிஜித் சக்ரவர்த்தி குழு, அபு மலையில் உள்ள 1.2 மீட்டர் தொலைநோக்கியில் பராஸ் என்ற நிறமாலைமானியைப் பொருத்தி இதைச் செய்தது. டெஸ் காட்டிய டிஓஐ-1789 பி கோளை 2021-இல் உறுதிசெய்தது அவர்கள்தான். இயற்பியலில் முதுகலை முடித்து ஜெஸ்ட் என்ற நுழைவுத் தேர்வு எழுதினால் இத்தகைய ஆய்வுக்கான வாசல்கள் நாட்டுக்குள்ளேயே திறக்கின்றன. புள்ளியியலையும் நிரலெழுதுவதையும் இப்போதே தொடங்கிவிடுங்கள்.

படி 4: மொட்டைமாடிக்குப் போகலாம்

தானாக விண்மீனைப் பின்தொடரும் தாங்கியும், 6 அங்குலத் தொலைநோக்கியும், ஒரு கருப்புவெள்ளை வானியல் கேமராவும் இருந்தால், தெரிந்த கோள்களின் கடப்பை நீங்களே அளக்கலாம். நம் ஊருக்கு நான் சிபாரிசு செய்யும் முதல் இலக்கு வாஸ்ப்-43 பி. சிம்மத்துக்குத் தெற்கே உள்ள செக்ஸ்டன்ஸ் விண்மீன் குழுவில் இருக்கிறது. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்து வானம் தெளிந்த பிறகு, பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை, தமிழ்நாட்டிலும் யாழ்ப்பாணத்திலும் வானில் நல்ல உயரத்தில் வரும். விண்மீனின் பிரகாச எண் சுமார் 12.4; இந்த எண் கூடக் கூட விண்மீன் மங்கல். ஒளி 2.5 விழுக்காடு குறையும். கடப்பு ஒன்றேகால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். பத்தொன்பதரை மணிக்கொருமுறை நிகழும். ஜேம்ஸ் வெப் தொலைநோக்கி ஆராய்ந்த அதே கோள் இது.

கடப்பு நேரத்தை நாசா ஆவணகத்தின் கணிப்பானில் எடுங்கள். தொடங்க முக்கால் மணி முன்பே படமெடுக்க ஆரம்பித்து, முடிந்தபின் முக்கால் மணி தொடருங்கள்; இருபுறமும் சமதரை இல்லாமல் பள்ளத்தின் ஆழம் தெரியாது. பக்கத்தில் அதே பிரகாசமுள்ள ஒப்பீட்டு விண்மீன்களும் சட்டத்துக்குள் வர வேண்டும். மெல்லிய மேகம் எல்லா விண்மீன்களையும் சேர்த்து மங்கச் செய்யும், கோள் தன் விண்மீனை மட்டும் மங்கச் செய்யும் என்பதே இந்த முறையின் உயிர். விண்மீன் படத்தில் வெளுத்துப்போகாதபடி ஒளிபடும் நேரத்தை வையுங்கள். கடலோர ஊர்களில் லென்சில் பனி படியும். சூடாக்கும் பட்டை வாங்கிவிடுங்கள்.

தொலைநோக்கி இல்லாதவர்களும் விலகி நிற்க வேண்டாம். நாசாவின் ஜெட் உந்துவிசை ஆய்வகத்தில் தொடங்கிய ‘எக்ஸோபிளானட் வாட்ச்’ திட்டம், மைக்ரோ அப்சர்வேட்டரி எனப்படும் 6 அங்குலத் தானியங்கித் தொலைநோக்கிகள் எடுத்த படங்களைத் தன்னார்வலர்களுக்குக் கொடுத்திருக்கிறது. படங்களை அளக்க எக்ஸாட்டிக், ஆஸ்ட்ரோஇமேஜ்ஜே என்று இரண்டு இலவச மென்பொருள்கள் உள்ளன.

தெரிந்த கோளை ஏன் மறுபடி அளக்க வேண்டும் என்று கேட்பீர்கள். பத்தொன்பதரை மணிக் காலத்தில் ஒரு நொடிப் பிழை இருப்பதாக வையுங்கள். ஓராண்டில் ஏறத்தாழ 450 சுற்றுகள். பிழை ஏழரை நிமிடமாகிவிடும். சில ஆண்டுகளில் பெரிய தொலைநோக்கி, கடப்பு முடிந்த பின்னால் போய் நிற்கும். உங்கள் அளவீடு அந்த நேரத்தைத் திருத்தி வைக்கிறது. முடிவை அமெரிக்க மாறொளிர் விண்மீன் நோக்கர் சங்கத்தின் புறக்கோள் தரவுத்தளத்துக்கு அனுப்ப, முன்கூட்டியே ஒரு நோக்கர் குறியீடு பெற்றுக்கொள்ளுங்கள்.

அனுப்புமுன் நேரத்தைச் சரிபாருங்கள். கணினிக் கடிகாரத்தை இணைய நேரத்தோடு பொருத்தியிருக்க வேண்டும். இந்திய நேரத்தில் ஐந்தரை மணியைக் குறைத்து உலக நேரமாக எழுத வேண்டும். அதோடு, பூமி சூரியனைச் சுற்றுவதால் ஒரே நிகழ்வின் ஒளி ஆண்டின் ஒரு பகுதியில் எட்டு நிமிடம் வரை முன்னதாகவும் மறுபகுதியில் தாமதமாகவும் நம்மை எட்டும். சூரியக் குடும்பத்தின் நிறை மையத்துக்கு மாற்றிய நேரத்தையே தரவுத்தளத்தில் சேர்க்க வேண்டும். உங்கள் இடத்தின் அட்சரேகை, தீர்க்கரேகையைச் சரியாகக் கொடுத்தால் மென்பொருள் மாற்றித் தரும்.

1991-இல் ஆண்ட்ரூ லைன் என்ற பிரிட்டிஷ் வானியலாளர், ஒரு துடிவிண்மீனை (சீராகத் துடிப்பு அனுப்பும், வெடித்த விண்மீனின் எச்சம்) ஆறு மாதத்துக்கு ஒருமுறை சுற்றும் கோளைக் கண்டதாகத் தன் குழுவோடு அறிவித்தார். பூமியின் நீள்வட்டப் பாதைக்கான திருத்தம் கணக்கில் சரியாக இடம்பெறவில்லை என்று பிறகு அவரே கண்டுபிடித்தார். 1992 ஜனவரியில் அட்லாண்டாவில் கூடிய வானியலாளர்கள் முன் எழுந்து, கோள் இல்லை, பிழை எங்களுடையது என்றார். அரங்கம் கைதட்டியது. அடுத்துப் பேச வந்தவர் அலெக்சாண்டர் வோல்ஷான். டேல் ஃபிரெயிலோடு சேர்ந்து வேறொரு துடிவிண்மீனைச் சுற்றும் இரண்டு கோள்களைக் கண்டிருந்தார். அந்தக் கோள்கள் இன்றும் பட்டியலில் இருக்கின்றன.